தவிட்டுக்கு வாங்கிய பெயர்

எங்கள் முதல் குழந்தை பதினொரு நாள் இருந்தது. இரண்டாவது முப்பத்து நான்கு நாள். ஐம்பதுகளில் மூன்றாவது பிறந்ததும் என் மனைவி அதை முறத்தில் கிடத்தி, பக்கத்து வீட்டு ராவுத்தரம்மாவிடம் கொடுத்துவிட்டாள். பிறகு மூன்று கைப்பிடி தவிட்டைக் கொடுத்து அவரிடமிருந்தே திரும்ப வாங்கிக்கொண்டாள். தவிட்டுக்கு வாங்கிய பிள்ளையைச் சாவு சீந்தாது என்பது நம்பிக்கை. அதனால் பெயர் தவிட்டம்மாள்.

முப்பத்தைந்தாம் நாள் விடிந்தபோது அவள் காலை உதைத்துக்கொண்டிருந்தாள். அதற்குப் பிறகும் நான் எண்ணுவதை விடவில்லை.

அவளை ஐந்து வயதில் திண்டுக்கல்லில் ஒரு பள்ளியில் சேர்க்கப் போனேன். நான் பள்ளி இறுதி வரை படித்தவன். அந்தப் பெயரைச் சொல்லக் கூச்சமாக இருந்தது. தலைமையாசிரியை பேனாவை எடுத்ததும் "சுகுணா" என்று சொல்லிவிட்டேன். வீட்டில் மூச்சு விடவில்லை. அன்று முதல் காலையில் ஒரு முறை, மாலையில் இரண்டு முறை அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன். அவள் தும்மினால் நான் மாற்றிச் சொன்ன பெயர்தான் நினைவுக்கு வந்தது.

பத்தாம் நாள் மாலை ஒன்றாம் வகுப்பு டீச்சர் வீடு தேடி வந்தார்.

"உங்க சுகுணா ஒன்பது நாளா வரலையே, உடம்பு கிடம்பு சரியில்லையா?"

"எந்தச் சுகுணா டீச்சர்? எங்க வீட்ல அப்படி யாருமில்லையே" என்றாள் மனைவி.

வாசலில் கட்டம் போட்டுப் பாண்டி ஆடிக்கொண்டிருந்த மகள் ஓடி வந்தாள். டீச்சர் வாயில் கை வைத்தார்.

"ஏத்தா, நீ ரெண்டாவது வரிசையில உக்கார்றவதானே! பேர் கூப்பிட்டா ஏன் வாயைத் தொறக்கல?"

"என்னைக் கூப்பிடவே இல்லையே டீச்சர்."

ஐம்பத்தெட்டுப் பிள்ளைகளில் ஒரு தலை கூடுதலாக இருந்ததை யாரும் எண்ணவில்லை. இன்றுவரை எனக்கு அது பொறுக்கவில்லை.

மனைவி என் பக்கம் திரும்பினாள். "பேரை மாத்துனீகளா? இம்புட்டுப் படிச்சு என்னத்துக்கு? பிள்ளைக்கு ஒண்ணு ஆகியிருந்தா?" அவள் கண் கலங்கிவிட்டது.

சத்தம் கேட்டு வந்த ராவுத்தரம்மா இடுப்பில் கை வைத்துக்கொண்டார். "வித்தவ நான் இங்கன இருக்கேன், என்னைக் கேக்காம மாத்திட்டீகளா தம்பி? அப்ப பிள்ளையைத் திருப்பிக் குடுங்க. எனக்கும் பொண்ணு இல்லை."

மனைவி அழுதுகொண்டே சிரித்தாள். ஒன்பது நாளாக நெஞ்சில் கிடந்த கல் எனக்கு அப்போதுதான் இறங்கியது.

மறுநாள் தவிட்டம்மாள் என்றே மாற்றி எழுதக் கேட்டு விண்ணப்பத்தோடு பள்ளிக்குப் போனேன். "நல்லா யோசிச்சீங்களா? காலத்துக்கும் இந்தப் பேரு நிக்குமே" என்றார் தலைமையாசிரியை.

"அதுதாங்க வேணும்" என்றேன்.

தவிடு அரிசியைத் தீட்டும்போது உதிர்வது. நெல்லுக்குள் இருந்தவரை அரிசியைச் சுற்றிப் போர்த்தியிருந்தது அதுதான். மில்லில் புதிதாக விழுந்த தவிட்டை அள்ளினால் கையில் இளஞ்சூடு இருக்கும். லேசாக இனிப்பு மணக்கும். கூச்சப்பட அதில் என்ன இருந்தது?

வகுப்பு ஜன்னலுக்கு வெளியே நின்றேன். முப்பத்தோராவதாக அவள் பெயர் வந்தது. நான்கு பேர் சிரித்தார்கள்.

"உள்ளேன் டீச்சர்!"

அவள் போட்ட சத்தத்தில் சிரிப்பு நின்றது. நான் சைக்கிளை எடுத்தேன்.