ஒரே பெயரில் இரண்டு வேட்பாளர்கள்

இம்மனிதரைப் பற்றி, நேரில் கண்டதையும் விசாரித்து உறுதிப்படுத்தியதையும் மட்டுமே எழுதுகிறேன். உறுதிப்படுத்தாமல் எழுதி நான் அடையவிருந்த அவமானத்தைத் தடுத்தவர் அவர்.

புத்தளத் தொகுதியின் தேர்தல் வரலாற்றை எழுதி முடித்து, அச்சுப்படிகளைக் கரைத்தீவுப் பேருந்தில் திருத்திக்கொண்டிருந்தேன். பக்கத்தில் வெள்ளைத் தொப்பியும் நரைத்த தாடியுமாக ஒருவர். பிறர் கையிலுள்ள தாளைக் கேளாமலே வாசிக்கும் வழக்கமுடையவர். முன்னிருக்கைக்காரரின் செய்தித்தாளை முடித்துவிட்டு என் தாளில் ஒரு வேட்பாளரின் பெயர்மேல் விரல் வைத்தார்.

“இது ஒராள் இல்ல, சேர். மாமனும் மருமகனும். பேர் மட்டும் ஒண்டு. மாமன் தோத்தாப்பிறகு மருமகன் எலெக்சன் கேட்டவர்.”

ஆறு ஆண்டுகள் தேர்தல் பெறுபேற்றுத் தாள்களோடு வாழ்ந்த நான், அவ்விருவரையும் ஒருவரெனக் கொண்டு, தோல்வியால் தளராதவர் என்று ஒரு பத்தி புகழ்ந்திருந்தேன்.

“நீங்கள் இத்தொகுதி வாக்காளரா?”

“இல்ல, சேர். மன்னார்ல இருந்து இடம்பெயந்து வந்து முப்பது வருசத்துக்கு மேல. வோட்டு இன்னும் அங்கதான். இங்க வோட்டில்லாதவனோட எண்டா, தோத்தவனும் மறைக்காமக் கதைப்பான்.”

அவர் சிரித்தார். இங்கே ஒரு முறையேனும் வாக்களிக்காதவர் அறிந்ததை நான் அறியாதது என்னைச் சுட்டது.

இறங்குமுன் என் பெயரைக் கேட்டு, “புத்தகம் வந்தா வாசிப்பன்” என்றார்.

பின்னர் விசாரித்தேன், அவர் சொன்னது சரி. பத்தியை நீக்கினேன். நன்றியுரையில் பலரைக் குறிப்பிட்டேன்.

அவர் பெயரைக் கேட்க மறந்ததாகச் சொல்லி வந்திருக்கிறேன். மறக்கவில்லை, பொறாமையால் கேட்கவில்லை. அப்பெயர் இன்றும் எனக்குத் தெரியாது.