குங்குமம் விழுந்த படிகம்

ராமாத்தாள் சென்னையில் திடநிலை இயற்பியலில் முனைவர் பட்டம் வாங்கிக்கொண்டு குமாரபாளையத்துக்கே திரும்பியபோது, "இங்க எதை வெச்சு ஆராய்ச்சி பண்ணப்போறே?" என்று கேட்டார் விசைத்தறி ஃபிட்டரான அப்பா. கேள்வி நியாயம்தான். அவள் வேலைக்குச் சேர்ந்த கல்லூரியின் சுவரை ஒட்டித் தறிக்கூடங்கள். அந்த அதிர்வில் கரைசலுக்குள் ஒற்றைப் படிகம் உருவாகாது. கல்லுப்புபோல நூறு துண்டுகளாக முளைக்கும்.

ராமாத்தாள் சளைக்கவில்லை. அதிர்வு எட்டாதபடி பழைய சைக்கிள் டியூபுகளில் பலகையைத் தொங்கவிட்டு, அதன்மேல் கரைசல் நிரப்பிய கண்ணாடிக் குவளையை வைத்தாள். பன்னிரண்டு வருடத்தில், அந்த வட்டாரத்துக் கல்லூரிகளில் யாரும் பார்த்திராத படிகங்களை வளர்த்துவிட்டாள்.

இந்த வருடம் ஐம்பது நாளில் ஒன்று எலுமிச்சை அளவுக்கு வந்திருந்தது. அதன் தரத்தை அளந்து பார்க்கப் பெங்களூரு ஆய்வகம் ஒன்று ஆயுத பூஜைக்கு அடுத்த திங்கட்கிழமையை ஒதுக்கியிருந்தது. தவறினால் இன்னொரு வருடம் காத்திருக்க வேண்டும்.

ஆயுத பூஜை விடுமுறை முடிந்து சனிக்கிழமை ஆய்வகத்தைத் திறந்தாள். தராசு, மைக்ராஸ்கோப், ஃபேன் சுவிட்ச் எல்லாவற்றிலும் சந்தனம், குங்குமம். நீராவி மெல்ல வெளியேற ஊசித்துளைகள் போட்டுக் குவளையை மூடியிருந்த தாளிலும் தாராளமாக ஒரு பொட்டு. துளைகள் வழியே குங்குமம் விழுந்து கரைசல் இளஞ்சிவப்பாகியிருந்தது.

"காத்தாண்ணா!"

அட்டெண்டர் காத்தான் ஓடிவந்தார். "எல்லாத்துக்கும் வெச்சனுங்க மேடம். இதை மட்டும் உட்டா சாமி கோவிச்சுக்குமுங்களே."

"நான் கோவிச்சுக்குவேன்னு தோணலீங்களா?"

அவர் தலையைத் தொங்கப்போட்டார். ராமாத்தாள் குனிந்து குவளைக்குள் பார்த்தாள். பிறகு கணக்குப் போட்டாள். படிகம் அடுக்கடுக்காக வெளிப்பக்கமாகத்தான் வளர்கிறது. கெட்டது பூஜைக்குப் பிறகு வளர்ந்த கடைசி இரண்டு நாள் அடுக்கு மட்டும். உள்ளே எல்லாம் சுத்தம். கத்தி வைத்தால் வெடித்துவிடும். ஆனால் இது தண்ணீரில் கரையும் படிகம்.

"பக்கத்துத் தறிக்கூடத்துல நல்ல முறுக்கா பாவு நூல் கொஞ்சம் வாங்கியாங்கண்ணா."

"நூலுல கல்லை அறுக்கறதுங்களா?"

"நனைச்சு இழுத்தா அறுபடும். ஒரு முனையை நீங்கதான் புடிக்கோணும்."

ஈர நூல் முன்னும் பின்னும் போக, சிவந்த தோல் மெல்ல மெல்லக் கரைந்து பிரிந்தது. மூன்றாவது முகத்தில் 'டிக்' என்றொரு சத்தம். இருவரும் அப்படியே நின்றார்கள்.

"என் வெரல் சொடுக்குனுதுங்க மேடம்."

"இன்னொருக்கா சொடுக்குனீங்க, நானே ஒடிச்சுருவேன்!"

ஞாயிறு காலை, பஞ்சு வைத்த டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு ஈரோட்டில் ரயிலேறினாள். கூடவே ஒரு தாள்: குங்குமம் விழுந்தது, மேலடுக்கு நூலால் அறுத்து நீக்கப்பட்டது. அவள் எதையும் மறைக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை பெங்களூரு ஆய்வகத்திலிருந்து போன் வந்தது. "உள்ளே ஒரு விரிசல்கூட இல்லைங்க மேடம். இதைப்போல ரெண்டு மடங்கு பெருசா ஒண்ணு தர முடியுமா?"

"தர்றேனுங்க," என்றாள் ராமாத்தாள், யோசிக்காமலே. "நூறு நாள் ஆகும்."