தூக்கிக்கொண்டு ஓட முடியாத கட்டில்

தில்லிக்கு வந்து ஒன்பது வருடமாகியும் எங்கள் வீட்டில் கட்டில் கிடையாது. வசதி இல்லாமல் இல்லை. என் கணவர் ஏசி மெக்கானிக், நான் தையல்காரி, வேலைக்குக் குறைவில்லை. கட்டில் என்றால் அவருக்குப் பயம், அவ்வளவுதான். இலங்கையில் போர் நடந்த வன்னியில் வளர்ந்தவர்கள் நாங்கள். தூக்கிக்கொண்டு ஓட முடியாத எதையும் வாங்கக் கூடாது, ஷெல் விழுந்தால் தரையோடு தரையாகக் கிடக்க வேண்டும் என்றுதான் இருவருமே பழகினோம். போர் முடிந்த பிறகும் அவருடைய முதுகு தரையைத்தான் நம்பியது.

இந்தத் தை மாதம் எனக்கு ஏழு மாதம். பாயிலிருந்து எழும்ப ஆள் வேண்டியிருந்தது. எனக்கு ஆத்திரம் வந்துவிட்டது.

"என்ர பிள்ளை உங்கட பயத்துக்குப் பக்கத்தில படுக்காது. கட்டில் வாங்குறம்" என்றேன்.

"உமக்கென்ன விசரே? அவசரத்துக்கு அதை எப்பிடித் தூக்குறது?"

"தூக்கத் தேவையில்லை. நாங்கள் இனி எங்கயும் ஓடப்போறேல்லை."

கரோல் பாக் கடையில் நல்ல கனமான சீஷம் மரக் கட்டிலாகப் பார்த்துக் காட்டினேன். இவர் கடைக்காரரிடம் இந்தியில், இது மடியுமா என்று கேட்டார். அந்த மனிதர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

ஞாயிறு மதியம் கட்டில் வந்தது. ஆனால் படிக்கட்டு வளைவில் அதன் தலைமாட்டுப் பலகை திரும்ப மறுத்தது. இவர் முகத்தில் அப்படியொரு வெளிச்சம்! கீழ்வீட்டு பஞ்சாபி அம்மா விடுவாரா? கயிறு கொண்டுவரச் சொல்லி ஜல்தி ஜல்தி என்று தெருவையே கூட்டிவிட்டார். எங்கள் தெருவில் ஃப்ரிஜ்ஜும் பீரோவும் பால்கனி வழியாகத்தான் ஏறும். பலகை இரண்டாம் மாடிக்கு வந்தபோது கூலியாள் ஒருவரின் பிடி வழுக்கியது. அதுவரை எங்கள் பால்கனியில் கையைக் கட்டிக்கொண்டு நின்ற என் கணவர் பாய்ந்து கயிற்றைப் பிடித்தார். பல்லைக் கடித்துக்கொண்டு மேலே இழுத்துவிட்டார். தெருவே கைதட்டியது. எனக்கு அழுகை வந்தது.

பலகைகளைச் சேர்த்துக் கட்டிலைப் பூட்டி முடித்ததும் நான் ஏறிப் படுத்தேன். இவர் பக்கத்தில் பாயை விரித்தார். பிறகு கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். "சும்மா, களைப்புக்கு" என்று சொல்லிக் காலை நீட்டினார். தூங்கியே போனார்.

ஆறு மணிவாக்கில் தெருவில் கல்யாண ஊர்வலம் வந்து, எங்கள் ஜன்னலுக்கு நேர்கீழே வெடி வெடித்தது. எனக்கு உயிரே போய்விட்டது. இவர் உருண்டு தரையில் விழுவார் என்று கையை நீட்டினேன். இவரோ சுவர்ப்பக்கம் புரண்டு படுத்துக் குறட்டையைத் தொடர்ந்தார். சந்தோசம் தாங்காமல் வாய்விட்டுச் சிரித்தேன். என் சிரிப்புக்குத்தான் அவர் விழித்தார்.

"என்னப்பா சத்தம்? மனுசரை நித்திரை கொள்ள விடமாட்டீரோ?"