மலேரியாக்காரர் வீட்டு வாளி

மலேரியாக்காரர் என்று சொன்னால்தான் கொளஞ்சியப்பனைச் சிதம்பரத்துப் பக்கம் தெரியும். முப்பத்தோரு வருஷம் மருந்து வாளியும் பம்புமாக வீடு வீடாக ஏறி இறங்கியவர். பார்த்து முடித்த வீட்டுக் கதவோரம் காவிக்கட்டியால் தேதி எழுதிக் கையெழுத்துப் போடுவார். தண்ணீரில் கொசுப்புழு நெளிந்தால் அதையும் அங்கேயே எழுதிவிடுவார். மானம் போகுதுங்க என்று யார் கெஞ்சினாலும் அழிக்க விடமாட்டார். "வெள்ளையடிக்கிற வரைக்கும் இருக்கட்டும்" என்பார்.

ஓய்வு பெற்று அண்ணாமலை நகருக்கு வந்தபோது, கழித்துப்போட்ட அந்த வாளியைக் கேட்டு வாங்கி வந்து கொல்லையில் வைத்தார். காலையில் காபியோடு அதன் எதிரே உட்கார்ந்தால் மருந்து வாசனை வரும். "மலேரியாக்காரர் வர்றாரு, பானைய மூடுங்க" என்ற பழைய குரல்களும் கேட்கும்.

ஐப்பசி மழை விட்ட மறுநாள், வீடு வீடாகக் கொசுப்புழு பார்த்து அட்டையில் குறிக்கிற டெங்கு வேலைக்காக, அதே தெருப் பெண் அமராவதி வந்தாள். தொட்டியிலும் பிரிட்ஜுக்குப் பின்னாலும் டார்ச் அடித்தாள். ஒன்றுமில்லை.

"யார் வீடுன்னு நெனச்ச?" என்று சிரித்தார்.

அவள் கொல்லைக்குப் போய் அந்த வாளிக்குள் எட்டிப் பார்த்தாள். "மாமா, இதுல புழு ஜாஸ்தியா இருக்கு. கொட்டிடுறேன், அட்டையில எழுத மாட்டேன்."

தினமும் பார்க்கிற வாளிதான். உள்ளே பார்த்ததில்லை. தானே அதைக் கவிழ்த்தார். டிராயரிலிருந்த காவிக்கட்டியை எடுத்து வந்து, தன் வீட்டு வாசல் கதவோரம் தேதி போட்டு, 'புழு இருந்தது' என்று எழுதிக் கையெழுத்திட்டார்.

"ஐயோ, போறவங்க வர்றவங்க என்ன நெனைப்பாங்க!" என்று அமராவதி அழிக்கப் போனாள்.

"கைய எடு. வெள்ளையடிக்கிற வரைக்கும் இருக்கட்டும்."