நம்பர் கொடுத்த பிறகு

அன்று ஞாயிற்றுக்கிழமை. அரியலூரில் நம் கூட்டம் நடக்கும் படிப்பகத்தைத் திறந்து பெருக்கிக்கொண்டிருந்தேன். தனபாலின் மகள் போன் செய்தாள். "அப்பா இன்னைக்கு வர மாட்டாங்க சார்" என்றாள். "சரிம்மா, உடம்பைப் பாத்துக்கச் சொல்லு" என்றேன். பிறகு, "அப்பா போயிட்டாங்க சார். காலையில காபி குடிச்சிட்டு உக்காந்திருந்தாங்க, அப்படியே..." என்றாள். துடைப்பத்தைக் கையில் பிடித்தபடியே நின்றுவிட்டேன்.

ரயில்வே கேட் கீப்பராக இருந்து ஓய்வுபெற்ற தனபாலை, நண்பர்களே, உங்களுக்கு இந்த ஐந்தாறு வருடமாகத்தான் தெரியும். எனக்கு முப்பது வருடப் பழக்கம். துக்கத்தோடு எழுத உட்கார்ந்தால் உற்சாகம்தான் பொங்கி வருகிறது. அவரோடு வாதாடிய யாருக்கும் இப்படித்தான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

எங்கள் பழக்கம் சண்டையில் தொடங்கியது. அப்போது நான் விக்கிரமங்கலம் பக்கம் ஆசிரியராக இருந்தேன். என் மனைவிக்குப் பிரசவ வலி கண்டு, வாடகை வேனில் அரியலூர் பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். வழியில் ரயில்வே கேட் மூடியிருந்தது. கண்ணுக்கெட்டிய தூரம் வரை தண்டவாளத்தில் ஒன்றுமில்லை. நான் இறங்கி ஓடினேன்.

"தொறய்யா! வண்டிக்குள்ள புள்ளத்தாச்சி!"

"நம்பர் குடுத்துட்டேங்க சார்."

"எந்த நம்பரா இருந்தா எனக்கென்னய்யா? ரயிலு எங்கய்யா வருது?"

"வரும் சார். நம்பர் குடுத்தாச்சு."

அந்த நம்பர் என்ன என்று எனக்கு அன்று தெரியாது. அந்தக் காலத்தில் அந்த கேட் சிக்னலோடு இணைக்கப்படவில்லை. கேட் திறந்து கிடந்தாலும் ரயில் தன் பாட்டுக்கு வந்துவிடும். அதனால் ஒரு ஏற்பாடு இருந்தது. ரயில் வரப்போவதை ஸ்டேஷன் மாஸ்டர் போனில் சொல்வார். கேட் கீப்பர் கேட்டைப் பூட்டிவிட்டு, தன்னிடம் கொடுத்துவைத்திருக்கும் தாளிலிருந்து ஒரு ரகசிய எண்ணைப் போனில் படித்துச் சொல்வார். மாஸ்டர் அதை எழுதிக்கொண்ட பிறகே ரயிலை அனுப்புவார். "கேட் மூடியிருக்கிறது, நான் பொறுப்பு" என்பதுதான் அந்த எண்ணுக்கு அர்த்தம். டிரைவர் அதை நம்பித்தான் முழு வேகத்தில் வருகிறார்.

என் மனைவி வேனுக்குள் கத்தக் கத்த, தனபால் கொடியைப் பிடித்துக்கொண்டு தண்டவாளத்தைப் பார்த்தபடி நின்றார். ரயில் போனது. ஆஸ்பத்திரியில் பெண் குழந்தை பிறந்தது, இருவரும் நலம். இருந்தும் என் கோபம் அடங்கவில்லை. ரயில்வேக்கு ஒரு புகார் எழுதிப் போட்டேன். இரண்டு வாரம் கழித்து, விசாரணைக்காகத் தன்னிடம் கொடுத்த புகாரின் நகலோடு தனபால் என் வீட்டு வாசலில் வந்து நின்றார். வாபஸ் வாங்கச் சொல்லிக் கெஞ்ச வந்திருக்கிறார் என்று நினைத்தேன்.

"சார், இதுல அஞ்சு நிமிசம் நிக்க வச்சேன்னு எழுதியிருக்கீங்க. ஒம்பது நிமிசம் சார். திருத்திக் குடுங்க."

"உனக்குத்தானேய்யா அது கெடுதி?"

"கெடுதிதான். ஆனா ஒம்பதுதானே சார் நடந்துச்சு? பாப்பாவைப் பாக்கலாங்களா?"

அன்று பாப்பாவைப் பார்த்தார். நான் புகாரைத் திருத்திக் கொடுத்தேன். விதிப்படிதான் நடந்திருக்கிறார் என்று விசாரணை முடிந்தது. நாங்கள் நண்பர்களானோம்.

நான் ஓய்வுபெற்ற பிறகு நாம் இந்த ஞாயிறு கூட்டத்தைத் தொடங்கியதும் முதலில் அவரைத்தான் கூப்பிட்டேன். பருத்திக்காட்டில் கூலிக்குப் போன பெற்றோரின் பிள்ளை. பத்தாவதோடு நின்று, தண்டவாளம் பராமரிக்கும் வேலையில் சேர்ந்து கேட்டுக்கு வந்தவர். "தத்துவம்லாம் நமக்கு வராது சார்" என்றார். வந்த முதல் நாளே கூட்டத்தைக் கலக்கிவிட்டார். அன்று நான் விளைவுவாதத்தைப் பற்றிப் பேசினேன். ஒரு செயல் சரியா தவறா என்பதை அதனால் விளைந்த நன்மை தீமையை வைத்துத்தான் சொல்ல வேண்டும். வேறு அளவுகோல் கிடையாது. எனக்குப் பிடித்த கொள்கை அது. உதாரணமாக, உலகமெங்கும் வகுப்புகளில் சொல்லும் அந்த ரயில் புதிரைச் சொன்னேன். கட்டுப்பாடில்லாமல் ஒரு வண்டி வருகிறது. நேரே போனால் ஐந்து பேர் சாவார்கள். லிவரை இழுத்தால் வேறு தடத்தில் நிற்கும் ஒருவர் சாவார். இழுப்பீர்களா?

தனபால் கையைத் தூக்கினார். "அஞ்சு பேரு லைன்ல நிக்கிற வரைக்கும் லைனைப் பாத்துக்கிற கேங்மேன் எங்க சார் போனான்? இந்த லிவர்காரனுக்கு ஸ்டேசன்லேர்ந்து யாரும் போன் பண்ணலியா?"

"இது கற்பனை தனபால். அங்கே யாரும் இல்லை."

"அதான் சார் கோளாறு. இவன் யாருக்கு வாக்குக் குடுத்திருக்கான், யாரு இவனை நம்பி வர்றாங்கறதையெல்லாம் வெட்டி எறிஞ்சுட்டு, அஞ்சையும் ஒண்ணையும் மட்டும் மிச்சம் வச்சா, அஞ்சுதான் பெருசுன்னு புள்ளைங்க கூடச் சொல்லும்."

நீங்கள் விழுந்து விழுந்து சிரித்தீர்கள். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அந்தக் கொள்கையை எதிர்த்தவர்கள் பக்கம் பக்கமாக எழுதியதை இவர் தன் கேட்டிலிருந்தே கொண்டுவந்துவிட்டார்! சிரிப்பு அடங்கியதும் அவர் மெதுவாகச் சொன்னார்: "நான் இழுப்பேன் சார். ஆனா இழுத்துட்டு வந்து, சரியாத்தான் செஞ்சேன்னு மேடையில பேச மாட்டேன்."

நான் விடவில்லை. அடுத்த வாரம் என் சொந்த உதாரணத்தோடு போனேன். ஒன்பதாம் வகுப்பு ஆண்டுத் தேர்வில் ஒரு மாணவிக்கு இரண்டு மார்க் குறைந்தது. ஃபெயிலானால் படிப்பை நிறுத்திக் கல்யாணம் செய்துவிடுவார்கள் என்று தெரிந்து, நானே இரண்டு மார்க் போட்டேன். இன்று பெரம்பலூரில் நர்ஸாக இருக்கிறாள். இதில் என்ன தவறு?

"நல்ல காரியம் சார்" என்றார் தனபால். "அதே வருசம் ரெண்டு மார்க்குல போன இன்னொரு புள்ளை பேரு என்னங்க?"

எனக்குத் தெரியவில்லை. அப்படி ஒருத்தி இருந்தாளா என்று அன்று நான் பார்க்கக்கூட இல்லை. கணக்கில் சேர்க்க வேண்டிய எத்தனை பேர் நம் கண்ணில் படாமலே போய்விடுகிறார்கள் என்று அன்று வீட்டுக்கு நடந்துபோகும்போது யோசித்தேன். தோற்றுவிட்டுத் துள்ளிக்கொண்டு நடந்த ஆள் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

பிறகு ஒரு ஞாயிறு, எல்லோரும் போன பின் என்னிடம் மட்டும் ஒன்றைச் சொன்னார். அவர் மகளின் சம்மதத்தோடு அதை இங்கே எழுதுகிறேன். என் மனைவியை நிறுத்திய அதே கேட்டில், இரண்டு வருடம் கழித்து, கட்டுவிரியன் கடித்த ஒருவரை வேனில் போட்டுக்கொண்டு வந்தார்கள். தனபால் நம்பர் கொடுத்திருந்தார். கொடுத்த பிறகு கேட்டைத் திறந்தார். வேன் போனது. மூடிப் பூட்டினார். நாலு நிமிடம் கழித்து ரயில் வந்து, ஒன்றும் ஆகாமல் கடந்து போனது.

யாரும் பார்க்கவில்லை. வேனில் இருந்தவர்களுக்கு நம்பர் விஷயமே தெரியாது. தனபாலே போனை எடுத்து ஸ்டேஷன் மாஸ்டரிடம், "நம்பர் குடுத்த பொறவு கேட்டைத் தொறந்துட்டேங்க" என்று சொன்னார். சஸ்பெண்ட் செய்தார்கள். பிறகு தூரத்தில் ஒரு கேட்டுக்கு மாற்றினார்கள். பாம்பு கடித்தவர் பிழைத்து, அறுவடைக்கு அறுவடை ஒரு பை சின்ன வெங்காயம் கொண்டுவந்து கொடுத்தார். தனபால் சந்தோஷமாக வாங்கிக்கொண்டார்.

கோபத்தோடு கேட்டேன்: "அவனுக்குத் தொறந்தீங்க. என் பொண்டாட்டி துடிச்சப்ப ஏன் தொறக்கல?"

"உங்க வூட்டம்மா போட்ட சத்தம் ரெண்டு வருசமாக் காதுலேயே கெடந்துச்சு சார். அதனாலதான் அவன் வந்தப்பக் கை தானாப் பூட்டுக்குப் போயிடுச்சு" என்றார்.

நான் எழுந்தே விட்டேன். எங்களுக்கு மூடியதால் ஒருவன் பிழைத்தான் என்றால், அந்த ஒன்பது நிமிடத்தின் விளைவை எங்கே நிறுத்துவது? ஆஸ்பத்திரி வாசலிலா, இரண்டு வருடம் கழித்தா, இன்றா? அறைக்குள் குறுக்கும் நெடுக்கும் நடந்துகொண்டே கேட்டேன்: "தனபால், ஒரு உசிரு பிழைச்சுது. அது சரிதானேய்யா?"

"பிழைச்சது சந்தோசம். தொறந்தது தப்பு. அந்த ரயிலுல இருந்தவங்களை வச்சு நான் சூதாடினேன் சார். அவங்களை யாரு கேட்டா?"

"மறுபடி அந்த வேன் வந்தா?"

"தொறப்பேன்னுதான் நெனைக்கிறேன். தொறந்துட்டு மறுபடி போனை எடுப்பேன்." பிறகு என்னைப் பார்த்து, "இதுக்கு ஒரு பதில் சொல்லுங்க வாத்தியாரே. போறதுக்குள்ள எனக்குத் தெரிஞ்சாகணும்" என்றார். அவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

அந்தப் பதிலைத் தேடித்தான் பல மாதம் படித்தேன். அவர் இறந்த வாரம் அது எனக்குக் கிடைத்துவிட்டது. சடங்கு முடிந்த மறுநாள் அவர் வீட்டுக்குப் போனபோது மகளிடம் அதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. "வாக்கைக் காப்பாத்தறதும் விளைவுக்காகத்தாம்மா. நம்பர் மேல நம்பிக்கை போயிட்டா ஒரு ரயிலும் ஓடாது. அதனாலதான் அவருக்கு அது தப்பாத் தெரிஞ்சிருக்கு" என்றேன்.

அவள் அழுதுகொண்டே சிரித்தாள். "இதைத்தான் சொல்லுவீங்கன்னு அப்பா சொன்னாங்க சார். ஞாயித்துக்கிழமைக்கு என்கிட்ட ஒத்திகை பாத்தாங்க."

"என்ன சொன்னாரு?"

"'யாருக்கும் தெரியாமத்தானே தொறந்தேன்? போன் பண்ணாம இருந்திருந்தா யாரு நம்பிக்கை போயிருக்கும்? ஒருத்தர் நம்பிக்கையும் போயிருக்காது. அப்பவும் ஏன் சார் தப்பாவே தெரியுது?' அப்படின்னு கேக்கணும்னு சொல்லிக்கிட்டிருந்தாங்க. வாத்தியாரு மாட்டிக்கிட்டாருன்னு ஒரே சிரிப்பு."

மாட்டிக்கொண்டேன், நண்பர்களே. துக்க வீட்டில் உட்கார்ந்துகொண்டு, ஆனந்தத்தில் கைதட்டாத குறையாக மாட்டிக்கொண்டேன். அவர் கேட்ட பதிலை நான் கொடுக்கவில்லை. இன்றும் என்னிடம் இல்லை. வாழ்நாளெல்லாம் விளைவுகளை நிறுத்துப் பார்த்துப் பாடம் சொன்னவன் நான். ரயில் பத்திரமாகப் போய்விட்டது, வேனும் போய்விட்டது, பார்த்தவர் யாருமில்லை. அப்போது ஒரு மனிதர் கேட் அறைக்குள் போய்த் தானாகப் போனை எடுக்கிறார். அதனால் யாருக்கும் ஒரு நன்மையும் இல்லை, அவருக்குக் கெடுதி மட்டும்தான். என் தராசில் அந்தச் செயலை வைக்க ஒரு தட்டும் இல்லை. என் மனமோ, முப்பது வருடத்தில் நான் கேள்விப்பட்டதிலேயே சரியான செயல் அதுதான் என்கிறது. தனபாலிடமிருந்து எனக்கென்று வைத்துக்கொள்வது அந்த ஒரு போன்தான்.