மாந்தரி ஞானமணி அம்மாள்

சென்ற செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு நாசரேத்திலிருந்து டிரங்க் கால் வந்தது. எங்கள் கிடங்கு அலுவலக டெலிபோனில் எப்போதும் இரைச்சல்தான். மறுமுனையில் பேசியவர் ஞானமணி அம்மாளின் தம்பி சாமுவேல். "அண்ணாச்சி, அக்கா விடியக்காலம் போயிட்டாவ. நாளைக்குப் பத்து மணிக்கு அடக்கம். தோணிக்காரங்களுக்கு நீங்கதான் சொல்லணும்" என்றார். 

சைக்கிளை எடுத்துக்கொண்டு பழைய துறைமுகத்துக்குப் போனேன். இரண்டு பேரிடம்தான் நான் சொன்னேன். மூன்றாவது ஆளைப் பார்ப்பதற்குள் செய்தி கரை முழுவதும் போய்விட்டது. சரக்கு இறக்கிக்கொண்டிருந்த ஒரு தோணியில் வேலையை நிறுத்திவிட்டார்கள். கப்பல்காரர்கள் கோபித்துக்கொள்வார்களே என்று கேட்டதற்கு, "கோவிச்சுக்கிடட்டும்" என்றார் அதிலிருந்த ஒருவர்.

அம்மாளை அறியாதவர்களுக்காகக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். அறிந்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அவர் திருச்சபை உபதேசியார் ஒருவரின் மகள். நாசரேத்தில் படித்து, டைப்பும் சுருக்கெழுத்தும் கற்று, பீச் ரோட்டில் இருந்த எங்கள் கப்பல் ஏஜென்சியில் வேலைக்கு வந்தார். அந்த நிறுவனத்தின் பெயர் இங்கே வேண்டாம். நான் அங்கே தலைமை குமாஸ்தா. இருவருக்கும் ஏறத்தாழ ஒரே வயது. ஆனாலும் முதல் நாளே என்னை அண்ணாச்சி என்றார், நான் அவரை அம்மா என்றேன். பிறகு அது மாறவில்லை. அம்மாள் திருமணம் செய்துகொள்ளவில்லை. தங்கை வீட்டில் ஓர் அறையில் இருந்தார். சனிக்கிழமை மதியம் பஸ் ஏறி நாசரேத் போனால் திங்கள் காலை நேரே அலுவலகத்துக்குத்தான் வருவார். வெயிலில் நடந்து வந்தாலும் சேலை மடிப்புக் கலையாது. சிரித்தால் மட்டும் அறை முழுதும் கேட்கும்.

வந்த புதிதில் ஒரு சம்பவம். மேனேஜர் சென்னை போகும் அவசரத்தில், "மீதிக் கடிதங்களுக்கு எனக்காக நீங்களே கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார். அம்மாள் நான்கு கடிதங்களில் கையெழுத்திட்டார். ஐந்தாவதை மட்டும் எடுத்து வைத்துவிட்டார். ஏன் என்று கேட்டேன். "ஒருத்தருக்குப் பதிலாக் கையெழுத்துப் போடணும்னா அவரு மனசு நமக்குத் தெரியணும் அண்ணாச்சி. இந்தக் கடுதாசில அவரு மனசு எனக்குத் தெரியல" என்றார். மேனேஜர் திரும்பி வந்து அந்தக் கடிதத்தைப் படித்தார், கிழித்துப் போட்டார்.

பிறகு ஏழெட்டு ஆண்டுகள் அமைதியாகப் போயின. புதுத் துறைமுக வேலை நடந்துகொண்டிருந்த காலத்தில்தான் அந்த விபத்து நடந்தது.

அப்போதெல்லாம் பெரிய கப்பல்கள் கரைக்கு வராமல் தூரக் கடலில் நிற்கும். தோணிகள்தான் போய்ச் சரக்கை ஏற்றி வரும். தோணியை நடத்துகிறவரைத் தண்டல் என்பது எங்கள் கரை வழக்கு. சந்தியாகு என்ற தண்டலின் தோணி பாய் விரித்து வந்துகொண்டிருந்தபோது, எங்கள் நிறுவனத்தின் மோட்டார் லாஞ்சு அதன் பக்கவாட்டில் மோதியது. தோணி முழுகியது. ஆட்கள் எல்லோரும் தப்பினார்கள். சந்தியாகுவுக்கு மட்டும் வலது கால் இரண்டு இடத்தில் முறிந்தது. தோணி திடீரென்று மேற்கே திரும்பி லாஞ்சுக்குக் குறுக்கே வந்துவிட்டது என்று எங்கள் நிறுவனம் புகார் எழுதியது. துறைமுகத்தில் விசாரணைக்கு நாள் குறித்தார்கள். குற்றம் உறுதியானால் தண்டலின் லைசென்ஸ் போய்விடும். அதன் பிறகு அவர் எந்தத் தோணியிலும் ஏற முடியாது.

விசாரணை நோட்டீஸ் ஆங்கிலத்தில் இருந்தது. சந்தியாகுவின் மனைவி ரோசம்மா அதைக் கையில் வைத்துக்கொண்டு எங்கள் அலுவலகத்துக்கே வந்தார். யார் புகார் கொடுத்தார்களோ அவர்களிடமே அர்த்தம் கேட்க வந்திருந்தார். மேனேஜர், "வக்கீலைப் பாரும்மா" என்று அனுப்பிவிட்டார். வாசலில் நின்றவரை அம்மாள் கூப்பிட்டு உட்காரவைத்து, நோட்டீஸை வரிவரியாகத் தமிழில் சொன்னார்.

"வக்கீலுக்கு நான் எங்க போவேன். அவுக எந்திரிச்சு நிக்கவே மூணு மாசம் ஆகும்னு டாக்டரு சொல்லுதாவ. யாரும் போகலன்னா என்ன ஆவும்?" என்று ரோசம்மா கேட்டார்.

"யாரும் போகலன்னா அவங்க சொல்லுததுதான் தீர்ப்பு" என்றார் அம்மாள். பொய்யான ஆறுதல் சொல்லும் பழக்கம் அவருக்கு இல்லை.

இனி நான் என் தவற்றைச் சொல்ல வேண்டும். விசாரணை விதிகள் நீல அட்டை போட்ட ஒரு பழைய வெள்ளைக்காரன் காலத்துப் புத்தகத்தில் இருந்தன. எங்கள் வக்கீலுக்காக அவற்றைப் பிரதி எடுக்கச் சொன்னார் மேனேஜர். நான் கையால் எழுதித் தந்தேன், அம்மாள் டைப் அடித்தார். எட்டாவது விதியில், கட்சிக்காரர் தாமாகவோ, வக்கீல் மூலமாகவோ, தம்முடைய "மேண்டட்டரி" மூலமாகவோ ஆஜராகலாம் என்று இருந்தது. கட்டாயம் என்று பொருள் தரும் அந்த ஆங்கிலச் சொல் நமக்கெல்லாம் தெரிந்ததே. ஆனால் புத்தகத்தில் அதன் நடுவே, "ஓ" என்ற ஆங்கில எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் "ஏ" இருந்தது. அச்சுப் பிழை என்று நினைத்து நான் அதை "ஓ" ஆக்கிவிட்டேன்.

அம்மாள் டைப் அடித்து முடித்து அனுப்பிய பிறகும் அந்த வரியிலேயே நின்றார். "அண்ணாச்சி, இந்த வரி சரியா உக்காரலயே. புத்தகத்துல எப்படி இருக்கு?"

காட்டினேன். வெகுநேரம் பார்த்தார். அந்தச் சொல்லை அப்படியே ஒரு துண்டுத் தாளில் எழுதிக்கொண்டார்.

அந்தச் சனிக்கிழமை ஊருக்குப் போனவர், திங்கள்கிழமை தலையணை கனத்தில் ஓர் ஆங்கில அகராதியை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தார். அவர் படித்த பள்ளிக்கூடத்தில் இரவல் வாங்கியது. என் மேசையில் விரித்தார். இரண்டும் இரண்டு சொற்கள். "ஏ" போட்டு எழுதினால் அது ஓர் ஆளைக் குறிக்கும். ஒருவர் தம் காரியத்தை நம்பி ஒப்படைக்க, அதை ஏற்று அவர் இடத்தில் நின்று செய்கிறவர்.

அம்மாள் மேனேஜரிடம் போய், பிரதியைத் திருத்தி அனுப்ப வேண்டும் என்றார். கதவு திறந்திருந்ததால் பேச்சு எங்களுக்கும் கேட்டது.

"போனது போனதாக இருக்கட்டும். நமக்கு அதுதான் நல்லது" என்றார் மேனேஜர்.

"அப்படின்னா என்னை விட்டுடுங்க சார்."

"ஓர் எழுத்துக்காக யாராவது வேலையை விடுவார்களா?"

"அந்த ஓர் எழுத்துலதான் சார் அந்த ஆளு நிக்காரு."

அன்று மாலையே ராஜினாமா எழுதிக் கொடுத்தார். இங்கே சம்பளம் வாங்கிக்கொண்டு அங்கே போய்ப் பேசுவது முறையில்லை என்று என்னிடம் சொன்னார். நீங்களும் வாருங்கள் என்று என்னைக் கேட்கவில்லை. எனக்கு மூன்று பெண் குழந்தைகள் என்பது அவருக்குத் தெரியும். கேட்காமல் விட்டதுதான் என்னை வருத்தியது.

ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சந்தியாகுவிடம் மூன்று தடவை எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாராம். பிறகு, இவர் என் இடத்தில் நிற்பார் என்று ஒரு தாளில் எழுதி, அதையும் மூன்று தடவை படித்துக் காட்டிக் கையெழுத்து வாங்கினார்.

விசாரணை, துறைமுகக் கட்டடத்தின் மாடியில் நடந்தது. அதிகாரி வடக்கேயிருந்து வந்தவர், தமிழ் தெரியாது. எங்கள் வக்கீல் வயதானவர், கெட்டிக்காரர். நான் நிறுவனத்தின் கோப்புகளைச் சுமந்துகொண்டு அவர் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அம்மாள் எழுந்து, தாம் சந்தியாகுவுக்காக வந்திருப்பதாகச் சொன்னதும், வக்கீல் சிரித்துக்கொண்டே பிரதியை நீட்டினார். விதியில் இருப்பது கட்டாயம் என்ற சொல், மூலத்தில் வேறு மாதிரி இருந்தால் அது அச்சுக் கோளாறு, ஆகவே வக்கீல் அல்லாத எவரும் இங்கே நிற்க முடியாது என்றார்.

மூலப் புத்தகம் எங்கே என்று அதிகாரி கேட்டார். தேடிப் பார்த்தோம், அகப்படவில்லை என்றார் மேனேஜர்.

நான் எழுந்துவிட்டேன். எழுந்த பிறகுதான் எழுந்தது எனக்கே தெரிந்தது. "ஐயா, புத்தகம் மேனேஜர் அறை பீரோவில் இரண்டாம் தட்டில் இருக்கிறது. அதில் இருப்பது ஏ. ஓ என்று மாற்றியவன் நான்" என்றேன். அம்மாள் திரும்பி என்னைப் பார்த்த பார்வையை நான் சாகும்வரை மறக்கமாட்டேன்.

அரை மணி நேரத்தில் புத்தகம் வந்தது. அம்மாள் அகராதியை விரித்து வாசித்தார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதைத் தமிழில் தருகிறேன். "இந்தச் சொல்லுக்கு மூன்று பொருள் போட்டிருக்கிறது. போப்பாண்டவரின் ஆணையால் ஒரு சபைப் பொறுப்பைப் பெறுகிறவர். இன்னொரு நாட்டை ஆளும் பொறுப்பு ஒப்படைக்கப்பட்ட நாடு. மூன்றாவது சட்டத்தில் வருவது: பிறர் காரியத்தை ஏற்று, கூலி வாங்காமல், அவருக்காகச் செய்கிறவர். இதையும் நானே சொல்லிவிடுகிறேன். சிலர் இதே பொருளில் ஓ போட்டும் எழுதுவதுண்டு என்று கீழே இருக்கிறது. ஆகவே எழுத்தை மட்டும் வைத்து நான் வாதாடவில்லை. வரியைப் பாருங்கள். 'தம்முடைய' என்று இருக்கிறது. 'மூலமாக' என்று இருக்கிறது. தம்முடைய ஆள் மூலமாக ஒருவர் வரலாம். தம்முடைய கட்டாயம் மூலமாக எப்படி வருவார்?"

அதிகாரி புன்னகைத்தார். வக்கீல் விடவில்லை. அது வழக்கொழிந்த சொல், அகராதியிலேயே "அரிது" என்று குறித்திருக்கிறதே என்றார்.

"அரிது என்றுதான் போட்டிருக்கிறது, இல்லை என்று போடவில்லை" என்றார் அம்மாள்.

அதிகாரி அவரை அனுமதித்தார். மதியத்துக்கு மேல் விசாரணை தொடர்ந்தது. லாஞ்சு ஹாரன் அடித்ததா என்று வக்கீல் அம்மாளை மடக்கப் பார்த்தார். "தண்டல் காதில் விழவில்லை. அடிக்கவே இல்லை என்று அவர் சொல்லவில்லை. அவர் சொல்லாததை நான் சொல்லமாட்டேன்" என்றார். அதைக் கேட்டதும் அதிகாரி பேனாவை எடுத்து எதையோ எழுதிக்கொண்டார். வெற்றி அந்த இடத்திலேயே தொடங்கிவிட்டது என்பது என் எண்ணம்.

பிறகு லாஞ்சு டிரைவரிடம் அம்மாள் இரண்டே இரண்டு கேள்வி கேட்டார், தமிழில். துறைமுகக் குமாஸ்தா ஒருவர் அதிகாரிக்கு ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டே வந்தார். "அண்ணே, அன்னைக்கு என்ன காத்து?"

"கச்சான்" என்றார் டிரைவர். மேற்கிலிருந்து அடிப்பது.

"பாரம் ஏத்தி, பாய் விரிச்ச தோணி, கச்சானை எதுத்து நேர் மேற்கே திடீர்னு திரும்புமா?"

டிரைவரும் கரைக்காரர்தான். மேனேஜரைப் பார்த்தார், தரையைப் பார்த்தார். "திரும்பாதும்மா" என்றார்.

நான்காம் நாள் தீர்ப்பு வந்தது. தவறு லாஞ்சுடையது, சந்தியாகுவின் லைசென்ஸ் அவரிடமே இருக்கும். துறைமுகத்திலிருந்து ஆஸ்பத்திரி வரை ஆட்கள் நடந்தே போனார்கள், நடுவில் அம்மாள். ரோசம்மா ஒரு பெரிய பொட்டலம் நிறைய முந்திரி மக்ரூன் வாங்கி வந்து அம்மாள் கையில் கொடுத்தார். "கூலி வாங்கப்படாதுன்னு அகராதியிலயே போட்டிருக்கு" என்று அம்மாள் மறுத்தார். "மக்ரூன் எந்த ஊருல கூலி? சும்மா தின்னுங்க" என்றார் ரோசம்மா. அம்மாள் சிரித்த சிரிப்பில் வார்டு நர்ஸ் வந்து எங்களை வெளியே போகச் சொன்னார்.

என்னைக் கிடங்குக்கு மாற்றினார்கள். இன்றுவரை அங்கேதான் இருக்கிறேன். ஒரு நாளும் வருந்தியதில்லை.

அம்மாள் வீட்டில் டைப் வேலை எடுத்துச் செய்து பிழைத்தார். கரைக்காரர்கள் அவரைத் தேடி வரத் தொடங்கினார்கள். முத்துக்குளிப்பு நின்றுபோய்ச் சங்குக்குளிப்பை நம்பியிருந்த ஒருவர், காது சவ்வு கிழிந்து கடலில் இறங்க முடியாமல் கரையிலே ஒரு வேலை கேட்டு இரண்டு ஆண்டுகள் நடந்தார். மனு எழுதும்போதெல்லாம் எழுதியவர்கள் ஏதாவது கூட்டியோ குறைத்தோ விட்டார்கள். அம்மாள் அவர் சொன்னதை மட்டும் எழுதிக்கொண்டு, அவருடன் போய் நின்றார். வேலை கிடைத்தது. உப்பளத்துப் பெண்களுக்காகவும் அப்படி நின்றார். எல்லாவற்றிலும் ஜெயித்தார் என்று எழுத ஆசைதான். இரண்டு தடவை தோற்றார். இரண்டு தடவையும், தோற்றதை அவரே அந்த வீடுகளுக்குப் போய்ச் சொன்னார்.

ஆங்கிலச் சொல் கரையில் தேய்ந்து "மாந்தரி" ஆகிவிட்டது. அம்மாளுக்கு அதுவே பெயர். பிறகு சொல் அவரை விட்டும் நகர்ந்தது. மீன் ஏலத்துக்குப் போக முடியாதவர், "எனக்கு மாந்தரியா நீ போயிட்டு வாலே" என்று தம்பியை அனுப்பினார். கல்யாண வீட்டில், "எங்கம்மாவுக்கு மாந்தரியா வந்திருக்கேன்" என்று ஒரு பெண் மொய்த்தட்டைக் கொடுத்ததை நானே கேட்டேன். இதை அம்மாளிடம் சொல்லி, உச்சரிப்பைத் திருத்தலாமே என்றேன். "எதுக்கு அண்ணாச்சி? அர்த்தம் ஒரு நூல் பிசகல. படிச்சவங்க மறந்த சொல்லை இவங்கல்லா வச்சுப் பொழங்குதாங்க" என்றார். அவர் அவ்வளவு பெருமையாகப் பேசி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

போன ஆண்டு அம்மாளுக்கு நெஞ்சு வலி வந்தது. தம்பி வீட்டுக்குப் போனார். கடைசியாக நான் பார்த்தபோது, மருந்து மயக்கத்திலும் ஒரு மனுவைப் பற்றிக் கேட்டார். கிடைத்துவிட்டது என்றேன். உண்மையிலேயே கிடைத்திருந்தது.

புதன்கிழமை காலை நாசரேத் வீட்டுத் தெரு கொள்ளவில்லை. இரண்டு லாரி நிறையத் தோணிக்காரர்கள், அவர்கள் வீட்டுப் பெண்கள், உப்பளத்துப் பெண்கள், சங்கு குளிப்பவர்கள். அவர் சபை வேறு, இவர்களில் பாதிப்பேர் சபை வேறு, மீதிப்பேர் எந்தச் சபையுமில்லை. பெட்டியைத் தூக்க உறவினர்கள் ஆறு பேர் முன்னால் வந்தார்கள். சாமுவேல் தெருவைப் பார்த்தார். பிறகு உறவினர்களைக் கைகாட்டி நிறுத்திவிட்டு, சந்தியாகுவிடம் போய், "தண்டல், நீங்க தூக்குங்க" என்றார்.

சந்தியாகு முன்னால் வலப்புறம் தோள் கொடுத்தார். முறிந்த கால் சற்றுக் கட்டை; ஒவ்வொரு அடிக்கும் அந்த மூலை லேசாகத் தாழ்ந்து எழுந்தது. மற்ற ஐந்து பேரும் ஒன்றும் பேசிக்கொள்ளாமல் தங்கள் நடையை அவருடைய நடைக்கு மாற்றிக்கொண்டார்கள். பெட்டி தெரு முழுவதும் அலைமேல் போவதுபோல் தாழ்ந்தும் எழுந்தும் போனது. பாட்டு முன்னால் போயிற்று, நாங்கள் பின்னால் போனோம். யாரும் தலை குனிந்து நடக்கவில்லை.

போய் வாருங்கள் அம்மா. நீங்கள் யார் யாருக்காக நின்றீர்களோ, அவர்கள் அத்தனை பேரும் வந்திருந்தார்கள்.