வளனின் பெயரைப் போட்ட அக்னஸ்

அக்னஸ் எங்கள் பத்திரிகையின் திண்டிவனம் நிருபர். பதினாறு வருஷமாகப் பஸ் விபத்து, குடிநீர் மறியல், மல்லாட்டை என்கிற வேர்க்கடலை விலை என்று எழுதி, விழுப்புரம் ஆபீசில் இருந்த எனக்கு அனுப்புவாள். நான் பாதியை வெட்டுவேன். போனில் சண்டைக்கு வருவாள். அதனாலேயே எனக்கு அவளைப் பிடிக்கும்.

எல்லையில் சண்டை நடந்த மாதம், நம் பக்கம் ஓர் உயிர்கூடப் போகவில்லை என்று ராணுவத் தளபதி தினமும் டிவியில் சொன்னார். அந்த ஞாயிற்றுக்கிழமை, அக்னஸ் பூசைக்குப் போகும் ஒலக்கூர் பக்கத்து மாதா கோயிலில் பங்குச் சாமியார் வழக்கம்போல யார் யாருக்காகப் பூசை என்று வாசித்தார். "வளன் ஆன்ம இளைப்பாற்றிக்காக, தாய் இருதயமேரி." செத்தவர்களுக்குத்தான் அப்படி வாசிப்பார்கள். அக்னஸுக்குத் தூக்கிவாரிப் போட்டது. வளன் எல்லைக்குப் போன சிப்பாய்.

பூசை முடிந்ததும் இருதயமேரியின் வீட்டுக்குப் போனாள். வளனோடு இருந்த ஒருவன் ரகசியமாக போன் செய்திருக்கிறான். பின்வாங்க உத்தரவு வந்தபோது வளனையும் சேர்த்து மூன்று உடல்களை மலையிலேயே விட்டுவிட்டார்களாம். வெளியே சொல்லக்கூடாது என்று மிரட்டினார்களாம். இருதயமேரியும் சொல்லவில்லை. மகனுக்குப் பூசை வைக்காமல் இருக்கத்தான் அவளால் முடியவில்லை.

"பேர் போட்டா பேஜாராவும்க்கா. யோசிச்சு சொல்லுங்க."

"போடும்மா. பேர் வந்தா பொணத்தயாவது அனுப்புவாங்க இல்ல? இங்க மண்ணுல வெச்சிட்டா போதும் எனக்கு."

போன் செய்த சிப்பாயிடமும் பேசி உறுதி செய்துகொண்டு அக்னஸ் எழுதினாள். நான் ஓர் எழுத்தைக்கூட வெட்டவில்லை. முதல் பக்கத்தில் போட்டேன்.

மூன்றாம் நாள் ராணுவத்திடமிருந்து மறுப்பு வந்தது. வளன் சாகவில்லை, சண்டைக்குப் பயந்து ஓடிவிட்டான் என்றார்கள். அவனைப் பிடித்துத் தரச் சொல்லிப் போலீசுக்கும் கடிதம். நாக்கு அழுகிப்போகாதா இவர்களுக்கு? போன் செய்த சிப்பாயின் நம்பர் ஸ்விட்ச் ஆஃப் ஆகிவிட்டது. 'வருந்துகிறோம்' என்று போடச் சொன்னார் முதலாளி. வெட்கமில்லாமல் நான்தான் டைப் செய்தேன். அக்னஸுக்கு வேலை போனது.

போலீஸ் இருதயமேரியின் வீடு புகுந்து கேப்பை மூட்டையைக்கூடக் குத்திப் பார்த்தது. கோயிலில் இருதயமேரி பக்கத்தில் இப்போது யாரும் உட்காருவதில்லை.

திங்கட்கிழமைதோறும் அவள் ஸ்டேஷனில் கையெழுத்துப் போடவேண்டும். அக்னஸ்தான் ஸ்கூட்டரில் கூட்டிப்போகிறாள். போன வாரம் நானும் போனேன். ஏட்டு தலை நிமிராமல் நோட்டைத் தள்ளினார்.

"உம் புள்ள வந்தானா?"

"வரலைங்க."

"மறைச்சு வெச்சேன்னு தெரிஞ்சுது, உன்னத்தான் உள்ள வெப்பேன்."

இருதயமேரி கையெழுத்துப் போட்டு முடித்தாள்.

"வந்தான்னா நானே கூட்டிக்கினு வர்றேங்க."